கடல்கட்டியும் புயல் கூண்டும்

மாயாஜாலக் கதை எழுதுகிறவர்களுக்குக் காலத்தைக் கட்டும் சின்னம் என்றால் கொள்ளை ஆசை. தரையில் ஒரு வளையம் வரைந்தால் போதும், அதற்குள் பொழுது உறைந்துவிடும். தமிழ்ப் படத்தில் அது கைக்கடிகாரமாக வந்தது, 2016இல், ‘24’ என்ற பெயரில். ஆங்கிலத்தில் இந்த வகைக் கதைகளைக் குவிக்கும் பிராண்டன் சாண்டர்சன் தன் தொழிலுக்கென்று சில விதிகள் வகுத்திருக்கிறார். மந்திரத்தால் என்ன முடியும் என்பதைவிட என்ன முடியாது என்பதுதான் கதையில் சுவையானது என்பது அவற்றில் ஒன்று. அர்சுலா லெ குவின் 1968இல் படைத்த தீவுலகத்திலும் மந்திரவாதி காற்றைத் தொட்டால் வேறெங்கோ கணக்கு இடிக்கும். விலை, எல்லை, கெடு. இந்த மூன்றும் இல்லாத மந்திரம் வாசகரிடம் எடுபடாது.

மன்னார் வளைகுடாவில் இந்த மூன்றும் பொருந்திய சின்னங்கள் நிஜமாகவே இரண்டு உண்டு. ஒன்று, முத்துக் குளிக்கும் காலத்தில் சுறாவின் வாயைக் கட்டிய கடல்கட்டியின் கட்டு. மற்றது, தூத்துக்குடித் துறைமுகத்தில் இன்றும் ஏறி இறங்கும் புயல் எச்சரிக்கைக் கூண்டு. மந்திரத்தையும் வானிலை அறிவியலையும் ஒரே தட்டில் வைக்கலாமா என்று கேட்பார்கள். உண்மை பொய் பார்ப்பதற்காக வைத்தால் கூடாதுதான்; அந்தத் தீர்ப்பு எப்போதோ வந்துவிட்டது. நான் பார்க்க நினைப்பது வேறு. இரண்டுமே கடலை ஒன்றும் செய்வதில்லை. மனிதன் கடலில் இருக்கலாம், இருக்கக் கூடாது என்று பொழுதைப் பிரித்துக் கொடுக்கின்றன. அந்தப் பிரிவினையை யார் செய்தார்கள், எப்படிச் செய்தார்கள், செலவு யார் தலையில் விழுந்தது என்று கேட்டால் ஒப்பீடு சூடு பிடிக்கிறது.

கட்டு பற்றிய பழைய சாட்சி மார்க்கோ போலோ. 13ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில் பாண்டிய நாட்டுக் கரையைப் பார்த்தவர். ஏப்ரல் தொடங்கி மே நடுப்பகுதி வரை முத்துக் குளிப்பு நடக்கும் என்கிறார். கிடைத்ததில் பத்தில் ஒரு பங்கு அரசனுக்கு. இருபதில் ஒரு பங்கு, பெரிய மீன்களை மந்திரத்தால் கட்டுகிறவர்களுக்கு. அவர்களைப் பிராமணர்கள் என்று குறிப்பிடுகிறார். அரசன் வாங்குவதில் சரிபாதி மந்திரக்காரனுக்குப் போனது என்றால் அந்த வேலையின் மதிப்பைப் பார்த்துக்கொள்ளலாம். அடுத்து அவர் சொல்லும் விவரம்தான் என்னைப் பிடித்து நிறுத்தியது. அந்தக் கட்டு அன்றைய பகலுக்கு மட்டுமே. பொழுது சாய்ந்ததும் அவர்களே அதை அவிழ்த்துவிடுவார்கள். இரவில் மீன்கள் தம் இஷ்டப்படி திரியலாம்.

ஏன் அவிழ்க்க வேண்டும்? கட்டியதைச் சீசன் முடியும்வரை கட்டியபடியே விட்டால் தினமும் மெனக்கெட வேண்டாமே. இதற்கு எனக்குத் தோன்றும் விடை காவல். முத்துச் சிப்பி கிடக்கும் பார் கரையிலிருந்து பல மைல் தள்ளி, வேலியில்லாமல் கிடக்கிறது. இருட்டில் நான்கு பேர் தோணியில் போய் மூழ்கினால் அரசனுடைய பத்தில் ஒன்று போய்விடும். ஆனால் மந்திரத்தை நம்புகிற நான்கு பேர் போக மாட்டார்கள். சுறாக்கள் அவிழ்ந்து திரியும் நேரம் அது. பகலில் குளியாளுக்குக் காப்பு, இரவில் அரசனின் சொத்துக்குக் காப்பு. ஒரே கட்டில் இரண்டு வேலை. காவல்படகு நிறுத்தினால் ஆகியிருக்கும் செலவோடு ஒப்பிட்டால் இருபதில் ஒன்று அதிகமாகத் தெரியவில்லை.

ஐந்நூறு வருடம் தள்ளி வருவோம். கொழும்பில் பாதிரியாராக இருந்த ஜேம்ஸ் கார்டினர் இலங்கையைப் பற்றி 1807இல் வெளியிட்ட நூலில் இதே வளைகுடாவின் எதிர்க்கரையில், அரிப்புப் பக்கத்து முத்துக் குளிப்பை விவரிக்கிறார். தூத்துக்குடி, கீழக்கரைக் குளியாட்கள் அங்கும் போய் வந்தார்கள். பார் எந்தக் கரைப் பக்கம் விளைந்ததோ அந்தப் பக்கம் படகு திரும்பும். கடல்கட்டி என்ற பெயரையே கார்டினர் எழுதி வைத்திருக்கிறார். வேலையில் எப்போதும் இரண்டு பேர் இருப்பார்களாம். எல்லாரும் ஒரே குடும்பம். வெளியாள் அந்தப் பதவிக்கு வர முடியாது. ஒருவர் படகுக் கூட்டத்தின் தலைமை மாலுமியோடு கடலுக்குப் போவார். மற்றவர் கரையில் ஓர் அறைக்குள், உடுதுணியின்றி அடைபட்டிருப்பார். படகுகள் கிளம்பியதிலிருந்து திரும்பும்வரை அவரை யாரும் பார்க்கக் கூடாது. அவர் முன்னால் ஒரு பித்தளைப் பாத்திரம் நிறையத் தண்ணீர். அதற்குள் வெள்ளியில் செய்த இரண்டு மீன்கள், ஆண் ஒன்று, பெண் ஒன்று. கடலில் சுறா யாரையாவது பிடித்தால் இந்த மீன்களில் ஒன்று மற்றதைக் கடிக்கும் என்பது நம்பிக்கை.

கற்பனை உலகம் படைக்கிறவர்கள் இந்தப் பாத்திரத்தைக் கொஞ்சம் உற்றுப் பார்க்க வேண்டும். வெள்ளி மீன்கள் சுறாவைத் தடுப்பதாகக் கார்டினர் சொல்லவில்லை. தூரத்தில் நடப்பதை அறைக்குள் காட்டுகின்றன. அளவு கருவி மாதிரி. அந்தக் கருவியைப் படிக்கும் உரிமை ஒரே ஆளுக்கு. அவரும் மூடிய அறைக்குள். மீன் கடித்ததா இல்லையா என்று வெளியில் யாருக்கும் தெரிய வழியில்லை. அதற்கும் மேலே, கடல்கட்டிக்கு மனம் கோணினால் சுறாவை ஏவிவிடுவார் என்றும் குளியாட்கள் நம்பினார்களாம். அதனால் அன்பளிப்புகள் நாலாப்பக்கமிருந்தும் வந்தன. நான்கு வருடம் முன்னால், 1803இல் எழுதிய ராபர்ட் பெர்சிவல் இன்னும் காரமானவர். கரையில் நின்று மந்திரம் முணுமுணுக்கும் ஆட்கள் அன்ன ஆகாரமின்றி இருக்க வேண்டும் என்பது விதி, ஆனால் கள்ளுக்கு விலக்கு அளித்துக்கொள்வார்கள் என்று குத்திக்காட்டுகிறார். தரையில் வேகும் வெயிலில் நாள் முழுக்க நிற்கிறவன்மேல் எனக்கு அவ்வளவு கோபம் வரவில்லை.

கூண்டின் பிறப்பு அலுவலகத்தில். 1864 அக்டோபரில் கல்கத்தாவைப் புயல் அடித்துப் பல்லாயிரம் பேர் மாண்டார்கள். அடுத்த மாதமே மசூலிப்பட்டினத்திலும் அடித்தது. 1865இல் கல்கத்தாத் துறைமுகத்துக்குப் புயல் எச்சரிக்கை தரும் ஏற்பாடு தொடங்கியது. இந்திய வானிலை ஆய்வுத் துறை அமைந்தது 1875இல். ஆரம்பத்தில் துறைமுகத்துக்குத் துறைமுகம் அடையாளம் வேறுபட்டது. 1898இல் இந்தியத் துறைமுகங்கள் எல்லாவற்றுக்கும் ஒரே முறை வந்தது. சின்னச் சின்ன மாற்றங்களோடு இன்றும் அதுதான். பகலில் கம்பத்தில் கறுப்புக் கூம்பும் உருளையும் தொங்கும். இரவில் சிவப்பு, வெள்ளை விளக்குகள். எந்த வடிவம் எந்த வரிசையில் தொங்குகிறது என்பதைக் கொண்டு 1 முதல் 11 வரை எண். தூத்துக்குடியில் இதை ஏற்றுவது வ.உ.சிதம்பரனார் துறைமுகம், 1974 ஜூலையில் பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டது.

இரண்டையும் பக்கத்தில் வைத்ததும் முதலில் கண்ணில் படுவது, அவை எதிரெதிர்த் திசையில் வேலை செய்கின்றன என்பதுதான். கடல்கட்டியின் உலகத்தில் கடல் பூட்டிக் கிடக்கிறது. கட்டு விழுந்தால்தான் திறக்கும். கட்டுகிறவர் படகுக் கூட்டத்தோடு இல்லையென்றால் எவனும் மூழ்க மாட்டான். கூண்டின் உலகத்தில் கடல் எப்போதும் திறந்து கிடக்கிறது. கூண்டு ஏறினால்தான் மூடும். ஒன்றில் அடையாளம் இல்லாததே தடை, மற்றதில் அடையாளம் இல்லாததே அனுமதி.

பணத்தைத் தொடர்ந்து போனால் இதன் விளைவு புரியும். கடல்கட்டி வரவில்லை என்றால் குளிப்பு நின்றுபோகும், அரசின் வருமானம் நிற்கும். ஆகவே பாண்டியனும் கொடுத்தான். மந்திரத்தில் துளியும் நம்பிக்கையில்லாத ஆங்கிலேய அதிகாரிகளும் அவரை வைத்துக்கொண்டார்கள். அவர்களுடைய புத்தகங்களில் மோசடிக்காரர் என்று ஏசப்பட்டவருக்கு அவர்களுடைய முகாமிலேயே இடம் இருந்தது. கூண்டு ஏறினால் நிற்பது படகுக்காரனின் வருமானம். டீசல் ஊற்றி, ஐஸ் ஏற்றி வைத்தவன் அன்றைய நட்டத்தைத் தானே பார்த்துக்கொள்ள வேண்டும். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலத்துக்காவது அரசு நிவாரணம் உண்டு. போலோ சொன்ன முத்துப் பருவத்தின் பெரும்பகுதி இன்றைக்கு அந்தத் தடைக்காலத்துக்குள் விழுகிறது என்பது ஒரு வேடிக்கை.

கூண்டின் அர்த்தம் நகரத்துக்குள்ளேயே இடத்துக்கு இடம் மாறுவதையும் சொல்ல வேண்டும். தெரேஸ்புரத்தில் ‘கூண்டு ஏத்திட்டாங்க’ என்றால் வள்ளத்தை மேலே இழுக்க ஆள் கூப்பிடுவார்கள். பாளையங்கோட்டை சாலைப் பக்கம் மில்லர்புரத்தில் அதே செய்தி டிவியில் ஓடினால் எழும் முதல் கேள்வி, நாளைக்கு ஸ்கூல் லீவா என்பது. அங்கே பொழுதைக் கட்டுவதற்கு அடுக்களைச் சுவரில் தினசரிக் காலண்டர் இருக்கிறது. ராகு காலம், எமகண்டம், குளிகை, நல்ல நேரம் எல்லாம் நிமிடக் கணக்கோடு. பக்கத்திலேயே சூலமும் அதற்குப் பரிகாரமும். கிழக்கே சூலம் என்றால் தயிர் சாப்பிட்டுவிட்டுக் கிளம்பலாம். போலோ இந்தப் பழக்கத்தையும் பார்த்திருக்கிறார். இந்த நாட்டார் வாரத்தின் ஒவ்வொரு நாளிலும் ஆகாத நேரம் ஒன்றை ஒதுக்கி வைத்து, அதில் வாங்கவோ விற்கவோ மாட்டார்கள் என்றும், தம் நிழலை அளந்து பார்த்துத்தான் பேரம் முடிப்பார்கள் என்றும் எழுதினார். காலண்டரில் எல்லாத் தடைக்கும் ஒரு சந்து உண்டு. கூண்டுக்குத் தயிர் கிடையாது.

கடல்கட்டியின் சின்னம் ரகசியம், கூண்டின் சின்னம் பகிரங்கம். எல்லா எண்ணுக்கும் பொருள் அச்சாகியிருக்கிறது, யாரும் படிக்கலாம். படித்தவர்கள்தான் குறைவு. காய்ச்சல் டிகிரி ஏறுவதுபோல எண் ஏற ஏற ஆபத்தும் படிப்படியாக ஏறுகிறது என்றே பெரும்பாலோர் நினைக்கிறார்கள். கூண்டு அப்படிப் பேசுவதில்லை. 1, 2 இரண்டும் தூரத்துச் செய்தி: எங்கோ புயல் உருவாகக்கூடும், அல்லது உருவாகிவிட்டது, துறைமுகத்தை விட்டுக் கிளம்பும் கப்பல் கவனிக்கட்டும். 3, 4 வந்தால் பேச்சு இந்தத் துறைமுகத்தைப் பற்றியது. 5, 6, 7 மூன்றுமே அபாயம்தான். வித்தியாசம், புயல் எந்தப் பக்கமாகக் கடக்கும் என்பதில். போகிற புயலுக்குத் துறைமுகம் இடப்பக்கம் விழுந்தால் 5, வலப்பக்கம் விழுந்தால் 6, தலைக்கு மேலேயே அல்லது வெகு அருகில் கடந்தால் 7. 8, 9, 10 இதே மூன்று நிலை, ஆனால் தீவிரப் புயலுக்கு.

பக்கம் ஏன் அவ்வளவு முக்கியம் என்பதைத் தூத்துக்குடியை வைத்தே பார்க்கலாம். கரை கிழக்கே பார்த்து நிற்கிறது. நம் பக்கத்துப் புயல்கள் பெரும்பாலும் கிழக்கிலிருந்து மேற்கே வருகின்றன. காற்று அவற்றைக் கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் சுற்றும். புயல் ஊருக்கு வடக்கே கடந்தால் ஊர் அதன் இடப்பக்கம். காற்று நிலத்திலிருந்து கடலை நோக்கித் தள்ளும், தண்ணீர் வெளியே போகும். தெற்கே கடந்தால் ஊர் வலப்பக்கம். காற்று கடலிலிருந்து அடிக்கும், அலை ஏறும். புயலின் நகர்வு வேகமும் காற்றோடு சேர்ந்துகொள்ளும். ஆக இந்தக் கரைக்கு 6தான் 5ஐவிடப் பெரிய வம்பு. எண் பெரிது என்பதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை. கப்பலை எந்தப் பக்கம் இறுக்கிக் கட்டுவது என்று தீர்மானிக்கிறவருக்கு இதில் முழுத் தகவலும் இருக்கிறது. செய்தி வாசிப்பில் ‘6ஆம் எண் கூண்டு’ என்று எண்ணை மட்டும் சொல்லிவிட்டுப் போகும்போது திசை உதிர்ந்துவிடுகிறது, பயம் மட்டும் வந்து சேர்கிறது. வெள்ளி மீனைப் பூட்டிய அறையில் வைத்ததற்கும் இதற்கும் பலனில் பெரிய தூரம் இல்லை.

பொய்த்துப் போவதைப் பார்ப்போம். ஆச்சரியமாக, கடல்கட்டி அபூர்வமாகத்தான் பொய்த்தார். இலங்கையின் காலனிச் செயலாளராக இருந்து 1859இல் பெரிய நூல் எழுதிய எமர்சன் டென்னண்ட், ஆங்கிலேயர் அத்தீவைக் கைப்பற்றிய பிறகு முத்துக் குளிப்பில் சுறாவால் நேர்ந்ததாக உறுதிப்பட்ட விபத்து ஒன்றுக்கு மேல் இல்லை என்கிறார். காரணம் ஊகிக்கக்கூடியதே. ஒரே இடத்தில் ஏகப்பட்ட படகுகள், கூச்சல், கல்லைக் கட்டிக்கொண்டு ஓயாமல் இறங்கி ஏறும் ஆட்கள். சுறா அந்தப் பக்கம் வராது. அரிதாக வரும் ஆபத்தை வராமல் செய்வதாகச் சொல்கிறவனை யாராலும் பிடிக்க முடியாது. ஆனால் அவன் உண்டாக்கிய தைரியம் நிஜம். ஒரு மூச்சு, ஒரு நிமிடத்துக்குச் சற்று முன்பின். அதற்குள் கூடையை நிரப்ப வேண்டும். அந்த ஒரு நிமிடத்தில் பின்னால் திரும்பித் திரும்பிப் பார்க்கிறவன் சிப்பி எடுக்க மாட்டான். கடல்கட்டி விற்றது அந்த நிமிடத்தை.

கூண்டு முன்வைக்கும் கணிப்பு அதைவிடப் பன்மடங்கு நம்பத்தக்கது. அது தோற்கும் இடம் வேறு. 2017 நவம்பர் 29 காலையில் காற்றழுத்தத் தாழ்வு மண்டலமாக இருந்தது மறுநாள் காலைக்குள் ஒக்கிப் புயலாகிவிட்டது. குமரி மாவட்டத்தின் ஆழ்கடல் மீனவர்கள் பல நாள் தங்கலுக்குக் கிளம்பிப் போய்விட்டிருந்தார்கள். இறந்தவர்களும் திரும்பாதவர்களுமாக நூற்றுக்கணக்கானோர். கரையில் எந்த எண் ஏறினால் என்ன, கம்பத்தை நடுக்கடலிலிருந்து பார்க்க முடியாது. கூண்டை வடிவமைத்தவர்கள் மனத்தில் இருந்தது துறைமுகத்தில் நிற்கும் கப்பல், கரையைக் கண்ணால் பார்க்கும் தூரத்தில் போகும் கப்பல். பத்து நாள் வெளியே கிடக்கும் விசைப்படகு அவர்கள் கணக்கில் இல்லை. கார்டினர் சொன்ன ஏற்பாட்டை இங்கே நினைத்துப் பாருங்கள். கடல்கட்டிகள் இருவர், ஒருவர் கரையில், ஒருவர் படகில். அடையாளம் ஆட்களோடு கூடவே போனது. ஒக்கிக்குப் பிறகு இஸ்ரோவின் நாவிக் செயற்கைக்கோள் வழியாகப் படகுக்கே செய்தி அனுப்பும் கருவிகள் வந்தபோது, இரண்டாவது கடல்கட்டியின் காலி இடம் நிரம்பியது என்று சொன்னால் பொறியாளர்கள் கோபித்துக்கொள்ள மாட்டார்கள் என்று நம்புகிறேன்.

பகல் இரவு என்ற பழைய பிரிவினையும் அப்படியே மறையவில்லை. தமிழ்நாட்டுக் கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டம் 1983இல் வந்தது. அதன்படி விசைப்படகுகள் காலை 5 மணிக்குக் கிளம்பி இரவு 9 மணிக்குள் திரும்ப வேண்டும். போலோ காலத்தில் இருட்டிய பிறகு கடல் சுறாக்களுக்கு. இந்தச் சட்டத்தின் கணக்கில் நாட்டுப்படகுக்காரர்களுக்கு. இரண்டு ஏற்பாட்டிலும், வலுவானவன் முழுநாளையும் எடுத்துக்கொள்ளக் கூடாது என்ற கவலை இருக்கிறது. விதியை மீறுகிறவர்கள் இருக்கிறார்கள், அதன் பேரில் சண்டையும் நடக்கிறது. மந்திரத்தை நம்பாதவன் போலோ காலத்திலும் இருட்டில் போயிருப்பான்.

கடைசியாக 11ஆம் எண். பதினொன்றில் எனக்கு மிகவும் பிடித்தது அதுதான். வானிலை மையத்தோடு தொடர்பு அறுந்துவிட்டது என்பது அதன் பொருள். மோசமான வானிலை வரக்கூடும் என்று உள்ளூர் அதிகாரி கருதினால் அதை ஏற்றுவார். தகவல் இல்லை என்பதையே ஒரு தகவலாக்கிக் கம்பத்தில் தொங்கவிடும் இந்த யோசனைக்கு நேர் எதிரான நிகழ்ச்சி டென்னண்ட் எழுதியதில் இருக்கிறது. அவர் முத்துக் குளிப்பைப் பார்க்கப் போன சமயம் கடல்கட்டிக் குடும்பத்தின் தலைவர் உடம்பு சரியில்லாமல் வரவில்லை. போலோ பிராமணர் என்று குறித்த அந்தத் தொழிலை டென்னண்ட் காலத்தில் வகித்தவர் கத்தோலிக்கர். மதம் மாறியதால் மந்திரத்தின் வலு குறைந்ததாக யாரும் நினைக்கவில்லை. தலைவர் தனக்குப் பதில் ஓர் ஆளை அனுப்பியிருந்தார். அந்த ஆளுக்கு மந்திரம் தெரியாது. அதை டென்னண்டிடம் ஒளிக்காமல் சொல்லவும் செய்தார். ஆனால் மேலிடத்தின் பிரதிநிதியாகத் தான் வந்து நிற்பதைச் சுறாக்கள் அறிந்து மதிக்கும் என்றாராம். குளிப்பு நடந்தது. தொடர்பு அறுந்த நிலைதான் இங்கும். ஆனால் கம்பத்தில் 11 ஏறவில்லை, வழக்கமான அனுமதியே ஏறியது. ஒரு முறை பொய்யா மெய்யா என்பதைவிட, தனக்குத் தெரியாதபோது என்ன காட்டுகிறது என்பதில்தான் அதன் நேர்மையை அளக்க வேண்டும் என்றால், மதிப்பெண் முழுக்கக் கூண்டுக்கு.

கடல்கட்டியின் தொழில் யாரோ அம்பலப்படுத்தியதால் முடியவில்லை. தூத்துக்குடிப் பார்களில் 1955 முதல் 1961 வரை நடந்ததுதான் கடைசி முத்துக் குளிப்பு வரிசை. அதற்குப் பிறகு சிப்பி விளையவில்லை, கட்டுவதற்கு வேலையும் இல்லை. 1973இல் இதே ஊரில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தார் வளர்ப்பு முத்தை எடுத்துக் காட்டினார்கள். ஆய்வுக்கூடத்துக்குள் சுறா வராது.

கூண்டுக்கு முடிவு வரும்போலத் தெரியவில்லை. எச்சரிக்கை கைப்பேசிக்கு முதலிலேயே வந்துவிடுகிறது, ஆனாலும் துறைமுகக் கம்பத்தில் எண் ஏறும்வரை விஷயம் உறுதிப்பட்டதாக யாரும் எடுத்துக்கொள்வதில்லை. இருக்கட்டும். ஆனால் அது காற்றைப் பற்றித்தான் பேசும். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் குமரிக் கடலில் இருந்த வெறும் காற்றுச் சுழற்சி ஒன்று, புயல் என்ற பெயர்கூட இல்லாமல், காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் 95 சென்டிமீட்டர் கொட்டிவிட்டுப் போனது. தூத்துக்குடி நகரம் பல நாள் தண்ணீருக்குள் கிடந்தது. 1898இல் வகுத்த பதினொன்றில் அந்த மழைக்கு வடிவம் கிடையாது. பன்னிரண்டாவது ஒன்றைச் சேர்ப்பதாக இருந்தால் அதை மழைக்குக் கொடுக்கலாம். கம்பத்தை மட்டும் துறைமுகத்தில் நடாமல், குளங்கள் உடைந்தால் தண்ணீர் முதலில் வந்து சேரும் மேற்குப் பக்கத்திலும் ஒன்று நடலாம்.